சூரை மீனும் ஹிஸ்டமினும்: புதிதாகத் தெரிந்துகொள்வோருக்கு ஒரு வழிகாட்டி

திருகோணமலையில் யாராவது சூரைக் கறி சாப்பிட்டு, அரை மணித்தியாலத்துக்குள் முகமும் கழுத்தும் சிவந்து, தலை இடித்து, நெஞ்சு படபடத்தால் வீட்டார் சொல்வது ஒன்றுதான்: சூரை ஒத்துக்கொள்ளவில்லை. சிலருக்கு அது சரியாக இருக்கலாம். பலருக்கு உண்மையான காரணம், பிடிபட்ட சூரை ஐஸ் காணாமல் கிடந்த நேரம். அந்த நேரத்துக்குள் மீனின் தசையில் உண்டாகிற பொருளுக்குத்தான் உயிரிரசாயனத்தில் ஹிஸ்டமின் என்று பெயர்.

இந்தச் சொல்லை வைத்தியர் சொல்லக் கேட்கலாம், ஏற்றுமதி மீனின் ஆய்வுகூட ரிப்போட்டில் பார்க்கலாம், ஒவ்வாமைக் குளிசையின் அட்டையிலும் பார்க்கலாம். எல்லாம் ஒரே மூலக்கூறு. மீன் வியாபாரத்துக்குப் புதிதாக வருகிறவர்கள், தரக்கட்டுப்பாட்டு வேலையில் இப்போதுதான் சேர்ந்த பிள்ளைகள், வேறு ஊரிலிருந்து இங்கே குடிவந்து முதன்முதலாக முழுச் சூரை வாங்கிச் சமைக்கப் போகிறவர்கள் ஆகியோரை மனதில் வைத்து எழுதுகிறேன். உயிரிரசாயனம் படித்திருக்க வேண்டியதில்லை. வரிசையாகப் படித்தால் போதும்.

முதல் படி: ஹிஸ்டிடின் வேறு, ஹிஸ்டமின் வேறு

புதியவர்கள் தடுமாறுகிற இடம் இதுதான். ஹிஸ்டிடின் ஓர் அமினோ அமிலம். புரதம் கட்டுவதற்கு நம் எல்லோருக்கும் தேவையானது, எந்தத் தீங்கும் இல்லாதது. அதிலிருந்து ஒரு காபனீரொட்சைட்டு மூலக்கூறு கழன்று போனால் எஞ்சுவது ஹிஸ்டமின். அந்தக் கழற்றலைச் செய்கிற நொதியத்தின் பெயர் ஹிஸ்டிடின் டீகாபொக்சிலேஸ். சமன்பாடாகச் சொன்னால் இவ்வளவுதான்: ஹிஸ்டிடின், நொதியம் தொட்டதும், ஹிஸ்டமினும் காபனீரொட்சைட்டும் ஆகிறது.

சூரை போன்ற மீன்களின் தசையில் புரதத்தோடு பிணையாத, தனியாக மிதக்கிற ஹிஸ்டிடின் ஏராளம். காரணம் இருக்கிறது. இவை ஓயாமல் வேகமாக நீந்துகிற மீன்கள். வேகமாக நீந்தும்போது தசையில் இலற்றிக் அமிலம் சேரும்; அந்த அமிலத்தன்மை கட்டுக்கு மீறாமல் தாங்கிப் பிடிப்பது இந்த ஹிஸ்டிடின்தான். ஒரு கிலோ சூரைத் தசையில் பத்துக் கிராம் அளவுக்கும் அதற்கு மேலும் இருக்கும்.

சூரை உயிரோடு இருக்கும்போது அதன் தசையில் ஹிஸ்டமின் இல்லை என்றே சொல்லலாம். நொதியத்தைக் கொண்டுவருவது பக்றீரியா. மீனின் செவிளிலும் குடலிலும் எப்போதும் இருக்கிறவையும், வள்ளத்தின் தட்டிலிருந்தும் வெட்டும் பலகையிலிருந்தும் கையிலிருந்தும் ஒட்டுகிறவையும் உண்டு. மோர்கனெல்லா மோர்கனியை என்ற இனம் இதில் பேர்போனது. மீன் செத்ததும் அதன் காவல் போய்விடும். பக்றீரியா தசைக்குள் இறங்கும், பெருகும், நொதியத்தை உண்டாக்கும்.

இங்கே ஒரு சின்னக் கணக்குப் போட்டுப் பாருங்கள். ஹிஸ்டிடினின் மூலக்கூற்று நிறை 155, ஹிஸ்டமினுடையது 111. ஒரு கிலோ மீனிலுள்ள பத்துக் கிராம் ஹிஸ்டிடினில் 0.28 கிராம் மட்டும் மாறினால் 0.2 கிராம் ஹிஸ்டமின் வரும். அதாவது 200 மில்லிகிராம். பின்னால் பார்க்கப் போகிற சர்வதேச உச்ச வரம்பும் அதே 200தான். நூற்றுக்கு மூன்று பங்குகூட மாறத் தேவையில்லை, மீன் வரம்பைத் தொட்டுவிடும். மீதி தொண்ணூற்றேழு பங்கு அப்படியே நல்ல மீனாகவே இருக்கும். அதனால்தான் கண்ணாலும் மூக்காலும் இதைப் பிடிக்க முடிவதில்லை.

இரண்டாம் படி: எந்த மீனில் யோசிக்க வேண்டும்

சூரை வகைகள் எல்லாம், சிங்களத்தில் கெலவல்லா என்கிற மஞ்சள் துடுப்புச் சூரை உட்பட. கும்பளா. சாளை, சூடை. நெத்தலி. அறுக்குளாவும் இதே குடும்பத்து உறவுதான், ஆனால் அதன் ஹிஸ்டிடின் சூரையினுடையதை விடக் குறைவு. பொதுவாக வெட்டும்போது தசை கடும் சிவப்பாக இருக்கிற, திறந்த கடலில் கூட்டமாக ஓடுகிற மீன் என்றால் கவனம் வையுங்கள். கரையோரத்து வெள்ளைத் தசை மீன்களான விளை, கொடுவா போன்றவற்றில் இந்தக் கவலை மிகக் குறைவு. அவையும் பழுதாகும், ஆனால் வேறு விதமாக.

மாசியையும் கருவாட்டையும் பலர் இந்தப் பட்டியலில் சேர்ப்பதில்லை. சேர்க்க வேண்டும். மாசி என்பது அவித்து, புகையூட்டி, காயவைத்த சூரை. அவிப்பதற்கு முன்பே அந்த மீனில் ஹிஸ்டமின் உண்டாகியிருந்தால் அது மாசியிலும் இருக்கும். போதாததற்கு, தண்ணீர் வற்றிப் போவதால் ஒரு கிலோவுக்கான அளவு கூடித்தான் காட்டும். வெயிலில் நன்றாகக் காய்ந்தது என்பது ஹிஸ்டமின் இல்லை என்பதற்கு அத்தாட்சி ஆகாது.

மூன்றாம் படி: மணித்தியாலத்தை எண்ணப் பழகுங்கள்

இந்தக் கட்டுரையில் ஒன்றே ஒன்றைத்தான் படிப்பீர்கள் என்றால் இதைப் படியுங்கள்.

ஹிஸ்டமின் ஒருமுறை உண்டானால் அதை எடுக்க வழியில்லை. கொதிக்க வைத்தாலும் போகாது. பொரித்தாலும் போகாது. உறைய வைத்தாலும், புகையூட்டினாலும், டின்னில் அடைத்து உயர் வெப்பத்தில் அவித்தாலும் அப்படியே இருக்கும். சமைக்கும்போது பக்றீரியா சாகும், நொதியமும் கெடும். அவை ஏற்கெனவே செய்து வைத்த ஹிஸ்டமின் மட்டும் சட்டியிலேயே இருக்கும். கொறக்காய்ப் புளி நிறையப் போட்டுச் சுண்ட வைத்தால் சரியாகிவிடும் என்று நம்புகிறவர்கள் உண்டு. புளி கறியின் ருசியைத்தான் மாற்றும், உண்டான ஹிஸ்டமினை மாற்றாது. ஆகவே செய்யக்கூடிய ஒரே வேலை, அது உண்டாகாமல் பார்ப்பது. அதற்கு இருக்கிற ஒரே கருவி குளிர்.

எவ்வளவு நேரம் இருக்கிறது? அமெரிக்க உணவு மருந்து நிர்வாகத்தின் மீன் வழிகாட்டி ஒரு தெளிவான கோடு போடுகிறது. காற்றோ தண்ணீரோ 28.3 பாகை செல்சியசுக்கு மேல் இருந்தால், மீன் செத்த நேரத்திலிருந்து 6 மணித்தியாலத்துக்குள் அதை ஐஸில் வைத்துவிட வேண்டும். அதற்குக் கீழே என்றால் 9 மணித்தியாலம் வரை. நம் கடற்கரையில் கச்சான் காற்று வீசுகிற மாதங்களில் பகல் வெப்பம் இந்த 28.3ஐ வெகு சுலபமாகத் தாண்டும். எனவே நமக்கு ஆறு மணித்தியாலம் என்றே வைத்துக்கொள்ள வேண்டும்.

செத்த நேரத்திலிருந்து என்பதைக் கவனியுங்கள். கரைக்கு வந்த நேரத்திலிருந்து எண்ணக்கூடாது. ஒரு ஃபைபர் வள்ளம் பின்னேரம் போய் வலை விடுகிறது என்று வையுங்கள். இரவு பதினொரு மணிக்கு ஒரு சூரை வலையில் சிக்கித் தண்ணீருக்குள்ளேயே செத்துவிட்டது. விடியற்காலை மூன்று மணிக்கு வலை இழுக்கிறார்கள். ஆறு மணிக்குத் திருக்கடலூர்க் கரையில் இறக்குகிறார்கள். வள்ளத்தில் ஐஸ் இல்லையென்றால் அந்த மீனுக்கு ஏற்கெனவே ஏழு மணித்தியாலம் ஆகிவிட்டது. கரையில் பார்க்கிறவருக்கு அது இப்போதுதான் வந்த பச்சை மீன். அப்புறம் ஏலம், கூறு, சைக்கிள் பெட்டி, வீட்டு வாசல், பதினொரு மணிக்கு அடுப்பு. பன்னிரண்டு மணித்தியாலம். இதே மீன் மூன்று மணிக்கு வலையிலிருந்து எடுத்த கையோடு ஐஸில் போயிருந்தால் கணக்கு நான்கு மணித்தியாலத்தில் நின்றிருக்கும்.

தூண்டிலில் வந்த மீனுக்கு ஒரு நல்லது உண்டு, உயிரோடு ஏறும். ஆனால் சூரையின் உடம்பு மற்ற மீன்களைப் போல் கடல் தண்ணீரின் சூட்டிலேயே இருப்பதில்லை, அதை விடச் சூடாக இருக்கும். தூண்டிலோடு போராடிய மீனின் தசை இன்னும் சூடு. வெளியே தொட்டால் குளிர்ந்திருக்கிற பெரிய மஞ்சள் துடுப்புச் சூரையின் நடுத்தசை மணிக்கணக்கில் சூடு ஆறாமல் இருக்கும். பெரிய மீனை விரைவாகக் குடலும் செவிளும் எடுத்து, வயிற்றுக்குள்ளும் ஐஸ் அடைக்கச் சொல்வது இதற்காகத்தான். அப்படி எடுக்கும்போது குடலைக் கிழித்துத் தசையெல்லாம் பூசிவிட்டால் பக்றீரியாவை நாமே விதைத்த கணக்காகிவிடும். நல்ல தண்ணீரில் கழுவ வேண்டும்.

ஐஸ் எவ்வளவு? வெப்ப நாடுகளில் மீனுக்குச் சரிக்குச் சரி, ஒரு கிலோவுக்கு ஒரு கிலோ என்பதுதான் நடைமுறை. இது வீண் செலவு போலத் தெரியும். ஒரு கிலோ ஐஸ் உருகும்போது சுமார் 80 கிலோகலோரி வெப்பத்தை வாங்கிக்கொள்ளும். 30 பாகையில் இருக்கிற ஒரு கிலோ மீனைப் பூச்சியத்துக்குக் கொண்டுவர 25 கிலோகலோரி அளவில் எடுத்தால் போதும். காகிதத்தில் பார்த்தால் ஒரு கிலோ மீனுக்கு மூன்றில் ஒரு கிலோ ஐஸ் போதும்தான். மீதி ஐஸ் எதற்கு என்றால், பெட்டியின் சுவர் வழியாக வெளிச்சூடு நாள் முழுக்க உள்ளே வந்துகொண்டே இருக்கிறது. மூடி சரியாகப் பொருந்தாத பழைய றிஜிபோம் பெட்டியில் அந்தச் சூடு இன்னும் கூட. ஐஸைத் தூளாக்கி, மீன், ஐஸ், மீன் என்று அடுக்காகப் போடுங்கள். பெரிய கட்டியாக மேலே வைத்தால் தொட்ட இடம் மட்டும் குளிரும். கொஞ்சம் கடல் தண்ணீர் சேர்த்துக் கூழாக்கினால் மீனைச் சுற்றிலும் தொடும், இன்னும் விரைவாகக் குளிரும்.

கொட்பே துறைமுகத்துக்கு வருகிற பல நாள் படகுகளில் ஐஸ் அறை உண்டு. ஒரு நாள் வள்ளங்களில்தான் இடமும் இல்லை, பழக்கமும் குறைவு. புதிதாக வள்ளம் எடுக்கிற தம்பிமாருக்கு நான் சொல்வது, இயந்திரத்துக்குக் கணக்குப் பார்க்கிறபோதே ஒரு நல்ல ஐஸ் பெட்டிக்கும் கணக்குப் பாருங்கள் என்பதுதான்.

நான்காம் படி: சந்தையில்

செவிள் சிவப்பா, கண் துருத்திக்கொண்டு தெளிவாக இருக்கிறதா, அமுக்கினால் தசை எழும்புகிறதா என்று பார்ப்பதை விடவேண்டாம். இவை மீனின் பொதுவான புதுமையைக் காட்டும். ஆனால் ஹிஸ்டமினுக்கு மணமும் இல்லை, நிறமும் இல்லை. செவிள் நன்றாக இருக்கிற மீனிலும் அது இருக்கலாம்.

நாம் வழக்கமாகக் கேட்பது "எப்ப பிடிச்சது?" என்று. அதோடு இன்னொன்றும் கேளுங்கள்: "அண்ணை, ஐஸ் எப்ப போட்டது?" கிண்ணியா, மூதூர்ப் பக்கம் என்றால் "நானா, ஐஸ் எத்தனை மணிக்குப் போட்டீங்க?" என்று. கோபிக்க மாட்டார்கள். நல்ல வியாபாரி உடனே சொல்லுவார், சொல்லப் பெருமைப்படுவார். முழு மீன் என்றால் புறங்கையைச் செவிளுக்குள்ளோ வயிற்றுக்குள்ளோ வைத்துப் பாருங்கள். உள்ளேயும் சில்லென்று இருக்க வேண்டும். தோல் ஈரமாக இருக்கிறது, உள்ளே வெதுவெதுப்பு என்றால், இப்போதுதான் தண்ணீர் தெளித்திருக்கிறார்கள்.

வெயிலில் சாக்கு விரித்துக் கூறு போட்ட சூரையும் கும்பளாவும் விலை குறைவாகக் கிடைத்தாலும் பதினொரு மணிக்கு மேல் வாங்காதீர்கள். அந்த நேரத்தில் விளையோ கொடுவாவோ பார்க்கலாம்.

வாங்கியதும் நேரே வீட்டுக்குப் போங்கள். சந்தைக்குப் போன கையோடு வங்கி, கோயில், உறவினர் வீடு என்று சுற்றுவதானால் மீனைக் கடைசியாக வாங்குங்கள்.

ஐந்தாம் படி: வீட்டில்

உடனே வெட்டிக் கழுவி, சமைக்காத பங்கை உடனே குளிரில் வைக்க வேண்டும். குளிர்சாதனப் பெட்டி 4 பாகையில் இருப்பது நல்லது. அமெரிக்க வழிகாட்டி சொல்கிற 4.4ம் அதுதான். இருந்தாலும் ஒரு நுட்பம் உண்டு: மீனில் நொதியம் ஏற்கெனவே நிறைய உண்டாகிவிட்டால், பக்றீரியா பெருகாத குளிரிலும் அது மெதுவாகத் தன் வேலையைச் செய்துகொண்டே இருக்கும். தாமதித்துக் குளிர்ப்பெட்டியில் வைத்த மீன், வைத்த பிறகு அப்படியே நிற்பதில்லை.

உறைய வைத்தால் அந்த வேலை நின்றுவிடும், ஆனால் நொதியம் கெடாது. உருக விட்டதும் மறுபடி தொடங்கும். அதனால் உறைந்த சூரையைக் காலையில் எடுத்துக் குசினி மேசையில் வைத்துவிட்டு வேலைக்குப் போகக்கூடாது. முதல் நாள் இரவே கீழ்த்தட்டில் எடுத்து வைத்தால் குளிரிலேயே உருகும். உருகியதை மீண்டும் உறைய வைப்பதும் வேண்டாம். 2022இல் மின்வெட்டு ஒரு நாளைக்கு 13 மணித்தியாலம் வரை போன காலத்தில், பெட்டிக்குள் மீன் பலமுறை உருகி உறைந்தது. அப்படி நடக்கிற நாட்களில் சூரையை மட்டும் முதலில் சமைத்து முடித்துவிடுங்கள்.

டின்மீனைத் திறந்த பிறகு அதுவும் பச்சை மீன் மாதிரித்தான். திறந்த டின்னில் கையாலோ கரண்டியாலோ புதிய பக்றீரியா போகும், ஹிஸ்டிடின் அங்கே காத்திருக்கிறது. மிச்சத்தை வேறு பாத்திரத்துக்கு மாற்றிக் குளிரில் வையுங்கள்.

ஆறாம் படி: ரிப்போட்டில் இந்தச் சொல் எப்படி வருகிறது

ஆய்வுகூட வேலைக்குப் புதிதாக வந்தவர்கள் முதலில் அலகைப் பாருங்கள். ஒரு ரிப்போட் மி.கி./கி.கி. என்று தரும், இன்னொன்று பிபிஎம் (பத்து இலட்சத்தில் எத்தனை பங்கு) என்று தரும், மூன்றாவது 100 கிராமுக்கு எத்தனை மில்லிகிராம் என்று தரும். முதல் இரண்டும் ஒன்றே. மூன்றாவதை 10ஆல் பெருக்கினால்தான் மற்றவற்றோடு ஒப்பிடலாம். 100 கிராமுக்கு 18 மில்லிகிராம் என்று வந்ததைப் பார்த்து "18தானே" என்று நினைத்தால் பெரிய பிழையாகும். அது கிலோவுக்கு 180.

சர்வதேச உணவுத் தரங்களை வகுக்கும் கோடெக்ஸ் இரண்டு எண்களைப் பாவிக்கிறது. கிலோவுக்கு 100 மில்லிகிராம் என்பது மீன் பழுதாகத் தொடங்கியதன் அடையாளம். 200 என்பது பாதுகாப்பு வரம்பு. அந்த 200 எங்கிருந்து வந்தது என்பது தெரிந்திருந்தால் மறக்காது. உலக உணவு விவசாய நிறுவனமும் உலக சுகாதார நிறுவனமும் 2012இல் கூட்டிய நிபுணர் குழு, ஆரோக்கியமான ஒருவர் ஒரு வேளையில் 50 மில்லிகிராம் ஹிஸ்டமின் வரை உட்கொண்டால் தீங்கான விளைவு எதிர்பார்க்கப்படுவதில்லை என்று கொண்டது. ஒரு வேளைக்குச் சாப்பிடுகிற மீன் கூடியது 250 கிராம். 250 கிராமில் 50 மில்லிகிராம் என்றால் கிலோவுக்கு 200.

ஐரோப்பாவுக்குப் போகிற மீனுக்கு ஒரு தொகுதியிலிருந்து 9 மாதிரி எடுக்க வேண்டும். அவற்றின் சராசரி 100ஐத் தாண்டக்கூடாது. இரண்டு மாதிரிகள் மட்டும் 100க்கும் 200க்கும் இடையில் இருக்கலாம். ஒன்றுகூட 200ஐத் தாண்டக்கூடாது. ஒன்பது எதற்கு என்றால், ஹிஸ்டமின் சமமாகப் பரவுவதில்லை. ஒரே பெட்டியில் ஒரு மீன் சுத்தமாகவும் பக்கத்து மீன் வரம்பு மீறியும் இருக்கும். ஒரே மீனுக்குள்ளேயே செவிள், வயிற்றுப் பக்கத்தில் கூடுதலாகவும் வாலடியில் குறைவாகவும் இருக்கலாம். வால் துண்டு மட்டும் வெட்டி அனுப்பிய மாதிரியில் "நல்லது" என்று வந்தால் அதை வைத்து முழு மீனைத் தீர்ப்புச் சொல்லாதீர்கள். விரைவான சோதனைக்கு எலைசா (ELISA) என்ற, பிறபொருளெதிரியைக் கொண்டு பார்க்கிற கருவிப் பெட்டிகள் உண்டு. உறுதியான எண் வேண்டுமென்றால், பொருட்களைப் பிரித்து அளக்கிற எச்.பி.எல்.சி. (HPLC) முறை.

ஏழாம் படி: சாப்பிட்டபின் ஏதாவது நடந்தால்

வாயில் வைத்ததும் மிளகு கடித்ததுபோல நாக்கு சுள்ளென்று எரிந்தால், கறியில் அவ்வளவு மிளகு இல்லையென்று தெரிந்தால், அதோடு நிறுத்துங்கள். விருந்து வீடாக இருந்தாலும் கூச்சப்படாமல் மற்றவர்களையும் நிறுத்தச் சொல்லுங்கள்.

சில நிமிடத்திலிருந்து ஓரிரு மணித்தியாலத்துக்குள் முகம், கழுத்து, மேல் நெஞ்சு சிவக்கும், சூடாகும். தலையிடி, படபடப்பு, தோலில் தடிப்பு, அரிப்பு, குமட்டல், வயிற்றோட்டம் வரலாம். நம் உடம்பும் ஹிஸ்டமின் செய்கிறது. தோலிலும் சுவாசப்பாதையிலும் இருக்கிற மாஸ்ட் கலங்கள் என்ற நோயெதிர்ப்புக் கலங்களில் அதைச் சேமித்து வைத்து, தேவை வரும்போது வெளியே விடுகிறது. இரத்தக் குழாய்களிலுள்ள எச்1 என்ற வாங்கியை (receptor) அது தொட்டால் குழாய் விரியும், தோல் சிவக்கும். வெளியிலிருந்து மீனோடு வந்த ஹிஸ்டமினும் அதே கதவைத்தான் தட்டுகிறது. ஒவ்வாமைக்குக் கொடுக்கிற குளிசை இதற்கும் வேலை செய்வது அதனால்தான். அந்த வகை மருந்துகளைக் கண்டறிந்ததற்கும் சேர்த்துத்தான் டானியல் போவேக்கு 1957இல் நோபல் பரிசு கொடுத்தார்கள். நம் ஊரில் பிரிட்டன் (Piriton) என்று கேட்டு வாங்குகிற குளோபெனமின் இந்தக் குடும்பம். தூக்கம் வரும், வாகனம் ஓட்டக்கூடாது. குழந்தைக்கோ, கர்ப்பிணிக்கோ, வேறு மருந்து எடுப்பவருக்கோ வைத்தியரைக் கேட்காமல் கொடுக்க வேண்டாம்.

பெரும்பாலும் அரை நாளில் தானாகவே தணிந்துவிடும். மூச்சு இழுக்கிறது, நாக்கோ உதடோ வீங்குகிறது, தலை சுற்றி விழப் பார்க்கிறார் என்றால் குளிசை தேடிக்கொண்டிருக்காமல் 1990க்கு அழையுங்கள். சுவசெரிய அம்புலன்ஸ் இலவசம். இருதய நோய் உள்ளவர்களையும் ஆஸ்துமாக்காரரையும் லேசான அறிகுறி என்றாலும் மாவட்டப் பொது வைத்தியசாலைக்குக் கொண்டுபோவதுதான் சரி.

காசநோய்க்கு மருந்து எடுப்பவர்களைத் தனியாகச் சொல்ல வேண்டும். நம் குடலில் டயமின் ஒட்சிடேஸ் என்று ஒரு நொதியம் இருக்கிறது. சாப்பாட்டோடு வருகிற கொஞ்ச ஹிஸ்டமினை அதுதான் உடைக்கிறது. காசநோய்க்குக் கொடுக்கும் ஐசோனயசிட் அந்த நொதியத்தைத் தடுத்துவிடும். மற்றவர்களுக்கு ஒன்றும் செய்யாத மீன், இந்த மருந்து எடுப்பவரைப் படுக்க வைத்துவிடும். இந்தத் தொடர்பை விளக்கியவர்களில் இலங்கை வைத்தியர்கள் முன்னணியில் இருந்தார்கள், சி. ஜி. ஊரகொடவும் எஸ். ஆர். கொட்டேகொடவும் 1977இல் இதைப் பற்றி எழுதினார்கள். வீட்டில் யாராவது அந்த மருந்து எடுக்கிறார்கள் என்றால் முழுக் காலமும் சூரை, மாசி இரண்டையும் தவிர்ப்பது நல்லது. மருந்தை நிறுத்தக்கூடாது, மீனைத்தான் நிறுத்த வேண்டும். இதை நம் வீடுகளில் எல்லோருக்கும் சொல்லி வையுங்கள்.

எட்டாம் படி: வைத்தியரிடமும் அதிகாரியிடமும் எப்படிச் சொல்வது

மீன் ஒவ்வாமை, ஹிஸ்டமின் நஞ்சாதல் இரண்டும் வெளியே ஒரே மாதிரித் தெரியும். ஒவ்வாமையில் ஹிஸ்டமினை வெளிவிடுவது அவருடைய உடம்பு; நல்ல புதிய மீனிலும் அது வரும், ஒவ்வொரு முறையும் வரும். நஞ்சாதலில் ஹிஸ்டமின் மீனிலிருந்தே வருகிறது. அந்த மீனைச் சாப்பிட்ட யாருக்கும் வரலாம், அடுத்த வாரம் ஐஸில் இருந்த நல்ல சூரை சாப்பிட்டால் வராது. கிளினிக் கொப்பியில் "மீன் ஒவ்வாமை" என்று பிழையாக ஏறிவிட்டால், ஒருவர் வாழ்நாள் முழுக்கக் காரணமில்லாமல் மீனைத் தவிர்ப்பார். மறுபுறம் உண்மையான ஒவ்வாமையை "மீன் பழுது" என்று தள்ளிவிட்டால் அடுத்த முறை உயிருக்கே ஆபத்து.

எனவே வைத்தியரிடம் "மீன் ஒத்துக்கொள்ளவில்லை" என்று ஒரே வரியில் முடிக்காமல், என்ன மீன், எப்போது வாங்கியது, சாப்பிட்டு எத்தனை நிமிடத்தில் தொடங்கியது, அதே கறியைச் சாப்பிட்ட வேறு யாருக்காவது வந்ததா, முன்பு அதே மீன் சாப்பிட்டு ஒன்றும் ஆகாமல் இருந்ததா என்பதைச் சொல்லுங்கள். இந்த ஐந்து விடயமும் வைத்தியருக்குப் பாதி வழியைக் காட்டிவிடும். சந்தேகம் இருந்தால் அந்த நேரத்தில் எடுக்கிற இரத்தத்தில் டிரிப்டேஸ் என்ற நொதியத்தின் அளவைப் பார்ப்பார்கள். கடுமையான ஒவ்வாமையில் அது கூடலாம், மீனால் வந்த நஞ்சாதலில் கூடாது. காரணம் அந்தப் பொருளும் மாஸ்ட் கலத்திலிருந்து வருவது.

மிச்சக் கறியைக் கொட்டிவிடாதீர்கள். சமைக்காத துண்டு இருந்தால் இன்னும் நல்லது. பையில் கட்டி, திகதி, வாங்கிய இடம், நேரம் எழுதி, உறைநிலைப் பெட்டியில் வைத்து, உங்கள் பகுதிப் பொதுச் சுகாதாரப் பரிசோதகருக்கு அறிவியுங்கள். சுகாதார வைத்திய அதிகாரி பணிமனையில் கேட்டால் யார் என்று சொல்வார்கள். சமைத்த துண்டிலும் ஹிஸ்டமின் அப்படியே இருக்கும் என்பதால் அதையும் சோதிக்கலாம். மீன் விற்றவருக்கும் சொல்லிவிடுங்கள். அதே வள்ளத்து மீன் அன்றைக்கு இன்னும் பல வீடுகளுக்குப் போயிருக்கும்.